நாற்பத்தொன்றில் முப்பத்தெட்டு போக

சிஸ்டம் ரூமுக்குப் புதிதாக வந்திருக்கும் உங்கள் நான்கு பேருக்கும் முதலில் ஒரு வேண்டுகோள். கதவுக்கு வெளியே ஒரு வெள்ளைப் போர்டு தொங்குகிறதே, அதைத் துடைத்துவிடாதீர்கள். தினமும் காலையில் நஸ்ரின் அதில் ஓர் எண்ணை எழுதி, பக்கத்தில் இரண்டு புள்ளிகள் வைப்பாள். உங்களில் யாரோ அதை ஏதோ கைதவறி விழுந்த மை என்று நினைத்துக் கர்ச்சீப்பால் துடைக்கப் போனதாகக் கேள்விப்பட்டேன். கேட்டதும் எனக்கு ஈரக்குலை நடுங்கிவிட்டது.

அந்தப் புள்ளிகள் ஒவ்வொன்றும் ஒரு மனிதர். அதில் ஒருவர் இப்போதும் உங்கள் தலைக்கு மேலே, மாடியில், ஏசி அறையில் உட்கார்ந்திருக்கிறார். அந்தக் கதையைச் சொல்லத்தான் எழுதுகிறேன். ஓய்வு பெற்று ஒரு வருடம் ஆகிறது. வீட்டில் நான் பேச ஆரம்பித்தால் எல்லோருக்கும் திடீரென்று வேலை வந்துவிடுகிறது. நீங்களாவது படியுங்கள்.

நான் கம்ப்யூட்டர் படித்து வந்தவள் இல்லை. இந்தப் பனியன் ஊரில் முதல் ஆறு வருடம் செக்கிங் டேபிளில் நின்றவள். தைத்து வருகிற பீஸை விரித்துப் போட்டு, தையல் விட்டிருக்கிறதா, ஓட்டை இருக்கிறதா என்று பார்க்கிற வேலை. குறை இருந்தால் அது ஆல்டர் பீஸ்; தையல் லைனுக்குத் திரும்பிப் போய்ச் சரிசெய்து வர வேண்டும். அங்கே எனக்கு வேலை சொல்லிக்கொடுத்த அண்ணன் ஒருவர் இருந்தார். பெயர் சொல்ல மாட்டேன், தன்னைப் பற்றி யாராவது நல்லதாகப் பேசினால் அவருக்குக் கோபம் வரும். ஆல்டருக்கு அனுப்புகிற ஒவ்வொரு பீஸிலும் சாக்பீஸால் உள்பக்கம் ஒரு புள்ளி வைப்பார். "லைன்காரன் கெட்டிக்காரனுங்க கண்ணு. ஒரே பீஸ போகறப்ப ஒருக்கா, திரும்பி வர்றப்ப ஒருக்கான்னு ரெண்டு தடவ எண்ணிப் போர்டுல எழுதிப்போடுவான். புள்ளி இருந்தா அது பழைய ஆளு" என்பார். அப்போது எனக்கு அது வெறும் சாக்பீஸ் வேலையாகத்தான் தெரிந்தது.

பிறகு எப்படியோ கம்ப்யூட்டர் பக்கம் வந்து, படித்து, தட்டுத்தடுமாறி, கடைசியில் நம் கம்பெனியின் சிஸ்டம் ரூமுக்கே பொறுப்பாளரானேன். நான் எழுத ஆரம்பித்து, அங்கே என்னோடு இருந்த நஸ்ரின் வளர்த்தெடுத்த நிரல்தான் 'துணிக்கணக்கு'. எந்த சைஸில் எத்தனை பீஸ் என்று கொடுத்தால், மொத்தம் எத்தனை கிலோ துணி வேண்டும் என்று சொல்லும். அதன் உயிர்நாடி சுருக்கப் பட்டியல். எந்தத் துணி தண்ணீரில் போட்டால் எவ்வளவு சுருங்கும் என்பதை நம் லேபில் துவைத்துப் பார்த்து, வாரா வாரம் நஸ்ரின் அதில் ஏற்றுவாள். அவள் காங்கயம் ரோட்டுக்காரி, பேசுவது குறைவு, சுருக்கம் மட்டும் அரைப்புள்ளி தவறினாலும் விட மாட்டாள்.

அவள் சொல்லித்தான் நிரலை ரெப்போவாகத் திறந்து வைத்தோம். ரெப்போ என்றால் என்ன என்று உங்களுக்குத் தெரியும். நம் ஜி.எம். சாருக்குத் தெரியாது. அவருக்கு நான் இப்படிச் சொன்னேன்: இணையத்தில் ஒரு கண்ணாடி அலமாரி, நாம் எழுதினது எல்லாம் அதில் இருக்கும், வருகிறவர்கள் பார்க்கலாம், நகல் எடுத்துக்கொள்ளலாம், தப்பு இருந்தால் சொல்லலாம், அலமாரி நம்முடையதுதான்.

"அப்ப ரோட்டுல போறவனெல்லாம் நம்ம கணக்கப் பார்ப்பானுங்களா?" என்று கேட்டார் ஜி.எம்.

"பார்ப்பாங்க சார்."

"அதுக்கு எதுக்குங்க அம்மணி கண்ணாடி? இரும்புல செஞ்சு பூட்டிப் போடுங்க."

அதற்குப் பிறகு ஒவ்வொரு மீட்டிங்கிலும் அவர் இந்தப் பூட்டைப் பற்றியே பேசினார். கேட்டுக் கேட்டு ஒரு நாள் சின்ன முதலாளி என்னைக் கூப்பிட்டார். கத்த மாட்டார், நிதானமான மனிதர். வெளியாட்கள் யாராவது உண்மையிலேயே இதைப் பயன்படுத்துகிறார்களா என்று ஒரு மாதத்தில் காட்டச் சொன்னார். காட்டினால் திறந்தே இருக்கட்டும். இல்லாவிட்டால் பூட்டிவிடலாம், நஸ்ரினை குடோனுக்கு பேக்கிங் லிஸ்ட் அடிக்க அனுப்பிவிடலாம் என்றார். திரும்பி வந்து நஸ்ரினிடம் சொன்னேன். அவள் மேஜை டிராயரைத் திறந்து, உள்ளே இருந்த துணி சாம்பிள்களை ஒவ்வொன்றாக மடித்துப் பைக்குள் வைக்க ஆரம்பித்தாள்.

"எடுத்து வெக்காத கண்ணு. ஆளுக வர்றாங்க. நான் எண்ணிக் காட்டறேன்" என்றேன்.

இந்த வாக்குறுதியைக் கொடுக்கும்போது ரெப்போவுக்கு எத்தனை பேர் வருகிறார்கள் என்று நான் ஒரு நாள்கூடப் பார்த்ததில்லை என்பதை உங்களிடம் மறைக்கவில்லை.

ரெப்போ தளத்திலேயே வருகையாளர் கணக்கு இருக்கிறது. எந்த நாளில் எத்தனை பேர், எந்தப் பக்கத்தைப் பார்த்தார்கள் என்று காட்டும். ஆனால் கடைசிப் பதினான்கு நாட்களுக்கு மட்டும்தான். அதற்கு முந்தையது உதிர்ந்துவிடும். கேட்டால் கிடைக்காது, அழுதாலும் கிடைக்காது. ஆகவே நான் ஒரு நோட்டு போட்டேன். ஒவ்வொரு திங்கட்கிழமையும் திரையில் தெரிகிற பதினான்கு நாள் மொத்தத்தை எழுதி, முந்தைய மொத்தத்தோடு கூட்டிக்கொண்டே போனேன். மூன்று வாரத்தில் கணக்கு நூறைத் தாண்டிவிட்டது! எனக்குத் தலைகால் புரியவில்லை. வீட்டுக்குப் போகும்போது டவுன் பஸ்ஸில் முன்பின் தெரியாத ஓர் அம்மாவிடம், "எங்க ரெப்போவுக்கு நூறு பேர் வந்துட்டாங்கங்க" என்று சொல்லிவிட்டேன். அவர் விசேஷ வீடு என்று நினைத்து, "சோறு பத்துச்சுங்களா?" என்று கேட்டார்.

இதில் உள்ள ஓட்டையை நஸ்ரின் பார்க்கும் முன்பே சிவகாமி பார்த்துவிட்டாள். நான்காவது லைன் சூப்பர்வைசர் சிவகாமி, ஏதோ பிரிண்ட் எடுக்க வந்தவள், நோட்டை எட்டிப் பார்த்தாள்.

"ஏனுங்க அக்கா, வாரத்துக்கு ஒருக்கா எழுதறீங்க. ஆனா ரெண்டு வாரத்துக் கணக்க எழுதறீங்க. அப்ப போன வாரம் வந்தவன இந்த வாரமும் எண்ணறீங்கல்ல?"

நான் நோட்டை என் பக்கம் திருப்பித் தேதிகளைப் பார்த்தேன்.

"எங்க லைன்ல இப்பிடி எழுதினா ஆல்டர் பீஸ ரெண்டு தடவ எண்ணிட்டன்னு கிழிச்சுப்போடுவீங்க" என்று சொல்லிவிட்டு பிரிண்டை எடுத்துக்கொண்டு போனாள். ஆறு வருடம் சாக்பீஸ் புள்ளி பார்த்து வளர்ந்தவள் நான்! வெட்கம் பிடுங்கித் தின்றது. நல்லவேளை, நஸ்ரின் என்னிடம் சொல்லாமலே ஒரு சின்ன நிரல் எழுதி, தினசரி எண்ணிக்கையைத் தனித்தனியாகச் சேமித்து வைத்திருந்தாள். எந்த நாளில் எத்தனை பேர், எந்தப் பக்கம் என்று எல்லாம் வரிசையாக இருந்தது. அதைத் திறந்து பார்த்தோம். மூன்று. மூன்று. இரண்டு. மூன்று. ஞாயிறு பூஜ்யம். மூன்று. மூன்று.

"மூணு பேருதாங்க அக்கா" என்றாள் நஸ்ரின்.

மறுநாள் சிவகாமி விஷயம் கேட்க வந்தாள். நோட்டில் எழுதி மேஜைக்குள் வைத்தால் யாருக்குத் தெரியும், எங்கள் லைன் மாதிரி போர்டு மாட்டுங்கள் என்றாள். நம் ஊரில் லைன் கடைசியில் ஒரு போர்டு தொங்கும், மணிக்கு எத்தனை பீஸ் ஓடியது என்று எழுதுவார்கள் இல்லையா, அது போல. யோசனை எனக்குப் பிடித்துவிட்டது. மீட்டிங்குக்கு நான்கு நாள் இருக்கும்போது, ஒரு திங்கட்கிழமை, கதவுக்கு வெளியே வெள்ளைப் போர்டு ஏறியது. 'நேற்று வந்தவர்கள்' என்று தலைப்பு. ஞாயிறு ஆனதால் கீழே ஒரு பெரிய பூஜ்யம். டீக்குப் போகிறவர்கள் எல்லோரும் அந்தப் பூஜ்யத்தைத் துக்கம் விசாரிக்கிற முகத்தோடு பார்த்துக்கொண்டே போனார்கள்.

புதன்கிழமை காலை வந்து திரையைத் திறக்கிறேன், செவ்வாய்க்கிழமை வந்தவர்கள் நாற்பத்தொரு பேர்.

கண்ணாடியைத் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தேன். நாற்பத்தொன்றேதான். நஸ்ரினைக் கூப்பிட்டுக் கத்தினேன். அவள் ஓடி வந்து பார்த்துவிட்டு, "ஏதாச்சும் பிழையா இருக்குமுங்க அக்கா" என்றாள். பிழையாவது ஒன்றாவது! போர்டில் கையளவு பெரிதாக எழுதினேன். பேக்கரிக்கு ஆள் அனுப்பி, நம் லைன்கள் மொத்தத்துக்கும் தேங்காய் பன் வரவழைத்தேன். டீ நேரத்தில் லைன் லைனாகப் போய் நானே கொடுத்தேன். ஒவ்வொருவரும் பன்னை வாங்கிக்கொண்டு என்னைப் பார்த்து ஒரு தினுசாகச் சிரித்தார்கள். என் மகிழ்ச்சியில் பங்கு கொள்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

வியாழன் காலை பார்த்தால் ஐம்பத்தாறு. வெள்ளி காலை அறுபத்து மூன்று. நான் தரையில் நடக்கவில்லை. வரைபடத்தைக் கலரில் பெரிய தாளில் பிரிண்ட் போட்டேன். இடது பக்கம் எறும்பு ஊர்கிற மாதிரி மூன்று, மூன்று, மூன்று. வலது பக்கம் திடீரென்று வானத்துக்கு ஏறுகிற கோடு. சாயங்காலம் நான்கு மணிக்கு மீட்டிங். ஜி.எம். சாரின் முகம் எப்படிப் போகும் என்று கற்பனை செய்து பார்த்து, தனியாக உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தேன்.

பதினொரு மணிக்கு டீ குடிக்க வெளியே வந்தேன். அயர்னிங் மாஸ்டர் சோனு எதிரே வந்தான். பீகார்க்காரன், வந்து நான்கு வருடம் ஆகிறது, எல்லாவற்றுக்கும் பின்னால் 'ங்க' போட்டுவிடுவான். என்னைக் கண்டதும் போனை உயர்த்திக் காட்டினான். திரையில் எங்கள் ரெப்போ!

"அக்கா, இன்னிக்கும் வந்துட்டேன்ங்க! டெய்லி வர்றேன்ங்க!"

"எங்கே வர்றே?"

"உங்க பக்கத்துக்குங்க. சிவகாமி அக்கா சொன்னாங்கங்க. முந்தாநேத்து பன் நல்லா இருந்துச்சுங்க."

என் கையில் டீ ஆறிப்போனது. நேராக நான்காவது லைனுக்குப் போனேன். சிவகாமி என்னைப் பார்த்ததுமே தலையைக் குனிந்துகொண்டாள். திங்கட்கிழமை சாயங்காலமே லைன்காரர்களின் வாட்ஸாப் குரூப்பில் போட்டிருக்கிறாள். எனக்குக் காட்டினாள்: 'நம்ம நஸ்ரின குடோனுக்கு அனுப்பப் போறாங்களாம். எல்லாரும் அக்கா பக்கத்துக்கு ஒரு நடை போய்ட்டு வந்துருங்க.' அடியில் பக்கத்தின் முகவரி. அதற்குக் கீழே வரிசையாக, 'போயிட்டு வந்தாச்சுங்க', 'போயாச்சு', 'நானும் எங்க ஊட்டுக்காரரும் போனமுங்க'.

"நாலு பேரு வந்து போனாத்தானுங்களே அக்கா ஊடு நெறஞ்ச மாதிரி இருக்கும்" என்றாள் சிவகாமி. "பூஜ்யத்தப் பார்க்க மனசு கேக்கலீங்க."

திட்டுவதற்காகப் போனவள் நான். திட்ட வாய் வரவில்லை. கண்தான் கலங்கியது. விசேஷ வீட்டுக்கு ஆள் சேரவில்லை என்றால் தெருவே கிளம்பி வந்து பந்தியில் உட்காருகிற ஜனம் இது. ஒரு ரெப்போ வெறிச்சென்று கிடந்தால் மட்டும் விட்டுவிடுவார்களா?

சிஸ்டம் ரூமுக்குத் திரும்பி வந்து கதவைச் சாத்திக்கொண்டேன். மேஜை மேல் கலர் வரைபடம். மீட்டிங்குக்கு ஐந்து மணி நேரம் இருக்கிறது. இப்போது உண்மையைச் சொல்லிவிடுகிறேன், கண்ணுகளா. அதைச் சுருட்டி எடுத்துக்கொண்டு போய்க் காட்டிவிடலாம் என்றுதான் முதலில் நினைத்தேன். எண் பொய் இல்லை. அத்தனை பேரும் வந்தார்கள்தான். யார் என்று தளம் சொல்லாது, கேட்பாரும் இல்லை. நஸ்ரின் தப்பிப்பாள். எந்தக் கோணத்தில் பார்த்தாலும் லாபமாகத்தான் தெரிந்தது. தாளைச் சுருட்டி ரப்பர் பேண்டும் போட்டுவிட்டேன்.

நஸ்ரினிடம் விஷயத்தைச் சொன்னேன். அவள் முகம் முதலில் சிவந்தது, பிறகு சிரித்தாள், பிறகு துப்பட்டாவால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"எனக்காகங்களா அக்கா? அயர்னிங்காரங்ககூடவா?"

"எல்லாருந்தான்."

"அப்ப அவங்களக் கழிச்சுடலாமுங்க" என்றாள். "இல்லீன்னா அந்த மூணு பேரு காணாமப் போயிருவாங்க."

நான் அவளையே பார்த்தேன். அறுபத்து மூன்று பேர் கூட்டத்துக்குள் அந்த மூன்று பேர் எங்கே நிற்கிறார்கள் என்று நானே மறந்துபோயிருந்தேன். குடோனுக்குப் போகப் போகிறவள் அவள், ஆனால் அவளுக்கு அந்த மூன்று பேர்தான் முக்கியம். ரப்பர் பேண்டைக் கழற்றினேன். சாக்பீஸ் அண்ணன் இருந்திருந்தால் இதை எனக்குச் சொல்ல இவ்வளவு நேரம் எடுத்துக்கொண்டிருக்க மாட்டார்.

மதியச் சாப்பாட்டு நேரம். கேன்டீனில் மைக் இருக்கிறது, காணாமல் போன சாவியைப் பற்றியும், வழியை மறிக்கிற வண்டியை எடுக்கச் சொல்லியும் அறிவிக்கிற மைக். சிவகாமி கையில் கொடுத்தேன். பாவத்தை அவளே கழுவட்டும்.

"எல்லாருங் கேளுங்க. செவ்வாக்கெழம அக்கா பக்கத்துக்குப் போனவங்க கையத் தூக்குங்க. பயப்படாதீங்க, பன்ன திருப்பிக் கேக்க மாட்டாங்க."

கைகள் எழுந்தன. ரசம் சொட்டச் சொட்ட எழுந்தன. சோனு அதை இந்தியில் சொன்னதும் பின்வரிசையிலும் எழுந்தன. நானும் நஸ்ரினும் ஆளுக்கொரு பக்கம் எண்ணினோம். பேக்கிங்கில் இருக்கிற ஒருவர் இரண்டு கையையும் தூக்கினார். ஏன் என்றால், "ரெண்டு போனுங்க அக்கா, ரெண்டுலயும் போனனுங்க" என்றார். கட்டிங்கில் இன்னொருவரும் அதே மாதிரி. முப்பத்தாறு பேர், முப்பத்தெட்டு கை.

நாற்பத்தொன்றில் முப்பத்தெட்டு போக மூன்று.

புதனுக்கு எண்ணினோம். மூன்று. வியாழனுக்கு எண்ணினோம். ஒரு கை கூடுதலாக வந்தது. சாப்பிட்டுவிட்டு நெட்டி முறித்தவர் என்று பிறகு தெரிந்தது. அவரைக் கழித்தால் அதுவும் மூன்று. கேன்டீனில் கை எண்ணுவது ஒன்றும் விஞ்ஞானம் இல்லை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் நஸ்ரினின் தினசரிப் பதிவு அதற்குச் சாட்சி சொன்னது. நம் ஆட்கள் அத்தனை பேரும் முகப்புப் பக்கத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பிவிட்டார்கள். சுருக்கப் பட்டியலைத் திறந்தவர்கள் தினமும் மூன்று பேர் மட்டும். போர்டு மாட்டுவதற்கு முன்பும் அதே மூன்று. தினம் தினம் சேமித்து வைத்திராவிட்டால் இது யாருக்குமே தெரிந்திருக்காது.

நான்கு மணிக்கு மீட்டிங். கலர் வரைபடத்தை விட்டுவிட்டு, தட்டையான கோடு ஒன்றை எடுத்துக்கொண்டு போனேன். சின்ன முதலாளி அதைப் பார்த்தார்.

"போர்டுல அறுபத்தி மூணுன்னு பார்த்தனுங்களே?"

நடந்ததை நடந்தபடி சொன்னேன். பன் உட்பட. சின்ன முதலாளி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். ஜி.எம். சார் சிரிக்கவில்லை.

"மூணு பேருக்காகத் தொறந்து வெக்கறதுங்களா? பூட்டிருங்க" என்றார்.

சின்ன முதலாளி சொன்னது முழுக்க முழுக்க நம் ஊர் யோசனை. புது ஷெட்டில் எந்த சுவிட்ச் எந்த லைனுக்கு என்று தெரியாதபோது நாம் என்ன செய்வோம்? ஒன்றை அணைத்துப் பார்ப்போம். எங்கிருந்து கத்துகிறார்களோ அதுதான் அந்த லைன்.

"திங்கக்கெழம காலைல பூட்டுங்க. சாயந்தரம் வரைக்கும் பார்க்கலாம். யாராச்சும் கத்துனாத் தொறந்துருங்க. கத்தலீன்னா ஆருக்கும் வேண்டாததுதானுங்க."

திங்கட்கிழமை ஒன்பது மணிக்கு நஸ்ரின் பூட்டினாள். முகப்புப் பக்கத்தில் நம் ஆபீஸ் தொலைபேசி எண்ணும் முகவரியும் முன்பே இருந்தன. கத்த நினைப்பவர்கள் அதைக் குறித்து வைத்திருக்க வேண்டுமே என்று எனக்குக் கவலை. இருவரும் போனைப் பார்த்தபடி உட்கார்ந்தோம். ஒன்பதே கால். ஒன்பதரை. ஒரு மெஷின் ஆயில் விற்கிறவர் கூப்பிட்டார். அவரிடம்கூட நான், "ரெப்போ வரலீங்களா உங்களுக்கு?" என்று கேட்டேன்.

பத்து மணிக்கு முதல் கத்தல் வந்தது. போனில் இல்லை. மாடியிலிருந்து.

"சிஸ்டம் ரூமுங்க! என்னுங்க இது, பக்கமே காணமுன்னு வருது!"

ஜி.எம். சாரின் குரல். படியில் தடதடவென்று இறங்கி வந்து, கதவைத் திறந்து, போனை நீட்டினார். சுருக்கப் பட்டியல் இருந்த இடத்தில் வெறும் அறிவிப்பு. எங்கள் இருவர் முகத்தையும் பார்த்ததும்தான் அவருக்கே உறைத்தது. மெதுவாகக் கதவைச் சாத்தினார்.

"என்ற மருமவன் நல்லூர்ல பன்னெண்டு மெஷின் போட்டிருக்கறானுங்க" என்றார் குரலைத் தாழ்த்தி. "அவனுக்கு இந்தச் சுருக்கம் தெரியாதுங்க. காலைல காலைல நாந்தான் பார்த்துச் சொல்லுவேன்."

"பூட்டச் சொன்னதே நீங்கதானுங்க சார்" என்றேன்.

"எல்லாருக்கும் பூட்டுங்கன்னனுங்க. எனக்குமா பூட்டச் சொன்னேன்?"

எனக்குச் சிரிப்பு பீறிட்டுவிட்டது. அழுகையும் சேர்ந்துகொண்டது. சின்ன முதலாளிக்கு உடனே சொல்லிவிட வேண்டும் என்று எழுந்தேன். நஸ்ரின் கையைப் பிடித்தாள்.

"சார் நம்ம கம்பெனி ஆளுங்க அக்கா. அவரயும் கழிக்கணுமுங்க."

"என்ன எதுக்குங்க கழிக்கறீங்க?" என்று ஜி.எம். சார் கோபித்துக்கொண்டார். அவள் காகிதத்தில் மூன்றை அடித்துவிட்டு இரண்டு என்று எழுதி, பக்கத்தில் ஒரு புள்ளி வைத்தாள். எண்ணில் சேராத நம் ஆளுக்கு ஒரு புள்ளி; சாக்பீஸ் அண்ணனின் அந்தப் புள்ளிக் கதையை முந்தின வெள்ளிக்கிழமைதான் அவளிடம் சொல்லியிருந்தேன்.

ஆக இரண்டு. பன்னிரண்டு மணி வரை வேறு சத்தம் இல்லை. நான் வேண்டாத தெய்வமில்லை. பன்னிரண்டரைக்கு வாசலில் இருந்து செக்யூரிட்டி, ஒரு அம்மா வந்து துணிக்கணக்கு ஆட்களைப் பார்க்க வேண்டும் என்கிறார்கள் என்று கூப்பிட்டார்.

ஸ்கூட்டரில் வந்திருந்தார். நாற்பது வயது இருக்கும். தலை கலைந்து, புடவையில் நூல் தூசி. பெருமாநல்லூரில் எட்டு மெஷின் வைத்து நடத்துகிறவர். அங்கிருந்து பஸ் ஸ்டாண்ட் நெரிசலைத் தாண்டிப் பல்லடம் ரோடு வரை வந்திருக்கிறார். வந்ததும் நஸ்ரின் கொடுத்த தண்ணீரைக் குடித்து முடித்துவிட்டுத்தான் கோபப்பட்டார்.

"பூட்டறதுன்னாப் பூட்டிக்கோங்க, உங்க பொருளு. நேத்தே ஒரு வார்த்த எழுதிப் போட்டிருக்கலாமல்லங்க? ரெண்டு மணிக்குள்ள துணி பின்னற நிட்டிங்காரங்களுக்கு எத்தன கிலோன்னு சொல்லோணும். நான் இப்ப எதப் பார்த்துச் சொல்லட்டும்?"

நஸ்ரின் தன் கம்ப்யூட்டரில் பட்டியலைத் திறந்து அவரிடம் திருப்பினாள். அவர் குனிந்து பார்த்து, போனில் கிலோவைச் சொல்லிவிட்டு, பையிலிருந்து ஒரு துணித்துண்டை எடுத்தார்.

"வந்ததுதான் வந்தேன், இதயும் சொல்லிப்போடறனுங்க. இந்த ரிப் துணிக்கு நீங்க போட்டிருக்கற சுருக்கம் கம்மிங்க. நான் மூணு தடவ தொவச்சுப் பார்த்துட்டேன்."

நஸ்ரின் முகம் மாறியது. துணித்துண்டைப் பிடுங்காத குறையாக வாங்கிக்கொண்டு லேபுக்கு ஓடினாள். அதே ரிப் துணியில்தான் நம் கம்பெனி அடுத்த வாரம் ஒரு பெரிய ஆர்டரை வெட்ட இருந்தது. துவைத்து, காயவைத்து, அளந்துவிட்டு மாலை நான்கு மணிக்கு அவள் திரும்பி வந்தாள். அந்த அம்மா சொன்னதுதான் சரி. நம் பட்டியலை நம்பி வெட்டியிருந்தால் கழுத்துப் பட்டிக்குத் துணி பற்றாமல் போயிருக்கும்.

சின்ன முதலாளி அறைக்கு இருவரும் போனோம். நான் பேசவில்லை, நஸ்ரின்தான் பேசினாள். அவள் அவ்வளவு பேசி நான் கேட்டதே இல்லை. அவர் துணியை இழுத்துப் பார்த்துக்கொண்டே கேட்டார். முடித்ததும், "தொறந்துருங்க. அந்த அம்மா கேட்டாங்களே, இனி எப்பப் பூட்டறதா இருந்தாலும் ஒரு வாரம் முன்னாடி எழுதிப் போடுங்க" என்றார். குடோனைப் பற்றி அவரும் பேசவில்லை, நாங்களும் ஞாபகப்படுத்தவில்லை. திரும்பி வந்ததும் நஸ்ரின் பையைத் திறந்து சாம்பிள் துணிகளை ஒவ்வொன்றாக டிராயருக்குள் வைத்தாள். நான் பார்க்காத மாதிரி பார்த்துக்கொண்டிருந்தேன்.

மூன்றாமவர் யார் என்று இன்றுவரை தெரியாது. அன்று கத்தவே இல்லை. திறந்த மறுநாள் வழக்கம்போல வந்துவிட்டார். கோபமே வராத மனிதர் போலிருக்கிறது. மறுநாள் போர்டில் நஸ்ரின் இரண்டு என்று எழுதி, பக்கத்தில் ஜி.எம். சாருக்கு ஒரு புள்ளி வைத்தாள். சிவகாமி லைனே வந்து நின்று கைதட்டியது. இரண்டுக்குக் கைதட்டிய கம்பெனி உலகத்திலேயே நம்முடையதாகத்தான் இருக்கும்.

இப்போது போர்டில் தினமும் ஒன்பது, பத்து என்று வருகிறதாம். பெருமாநல்லூர் அம்மா நாலு பேரிடம் சொல்லியிருப்பார். கேட்க அவ்வளவு சந்தோஷம். ஆனால் நான் ஓய்வு பெற்ற மறுநாளே எண்ணிக்கையில் ஒன்று கூடியது. நஸ்ரின் ஒரு வாரம் பொறுத்துப் பார்த்திருக்கிறாள். தினமும் காலை எட்டரை மணிக்கு அவள் திரையைத் திறக்கும்போதே ஒருவர் வந்து, முகப்பைப் பார்த்து, பட்டியலைப் பார்த்து, போயிருக்கிறார். எட்டாவது நாள் எனக்குப் போன் செய்தாள்.

"அக்கா, காபி குடிச்சீங்களா?"

"குடிச்சேன் கண்ணு."

"ரெப்போ பார்த்தீங்களா?"

நான் இல்லை என்று சொல்லலாமா என்று யோசித்தேன். பிறகு ஒத்துக்கொண்டேன். அவள் சிரித்துக்கொண்டே, சரி, இரண்டாவது புள்ளி வைத்துவிடுகிறேன் என்றாள்.

அதனால்தான் சொல்கிறேன், கர்ச்சீப்பை உள்ளே வையுங்கள். அந்த இரண்டாவது புள்ளி நான்.